பாரிஸ்: சிலையை இறக்கலாம், தெருவை இறக்க முடியுமா?

பாரிஸ் நகரின் நடுவில், சேன் நதியை ஒட்டி இருக்கும் கொன்கோர்டு சதுக்கத்துக்கு இதுவரை வைத்த பெயர்களை வரிசையாகச் சொன்னாலே பிரெஞ்சு வரலாற்றில் கால்வாசி வந்துவிடும். 1763இல் அங்கே குதிரைமேல் அமர்ந்த பதினைந்தாம் லூயியின் வெண்கலச் சிலையைத் திறந்தார்கள். சதுக்கத்துக்கும் அவர் பெயர்தான். 1792இல் முடியாட்சி விழுந்ததும் சிலையை இழுத்துத் தள்ளிவிட்டுப் புரட்சிச் சதுக்கம் என்று பெயரை மாற்றினார்கள். 1793 ஜனவரி 21ஆம் தேதி பதினாறாம் லூயியின் தலை கில்லட்டினில் விழுந்தது அங்கேதான். அதே ஆண்டு அக்டோபரில் அவருடைய மனைவி மரி அந்துவானெத். 1794 ஜூலையில், பல தலைகள் விழக் காரணமாக இருந்த புரட்சித் தலைவர் ரொபெஸ்பியரே அதே மேடையில் ஏறினார். 1795இல், போதும் என்று தோன்றியிருக்க வேண்டும், நல்லிணக்கம் என்று பொருள்படும் கொன்கோர்டு என்ற பெயரை வைத்தார்கள். மன்னர்கள் திரும்பி வந்ததும் மறுபடி பதினைந்தாம் லூயி, அப்புறம் 1826இல் பதினாறாம் லூயி. 1830இல் இன்னொரு புரட்சி, மீண்டும் கொன்கோர்டு. அதன் பிறகு அந்தப் பெயர் நிலைத்துவிட்டது.

பெயர் சரி, நடுவில் எதை வைப்பது? 1830 புரட்சியால் அரியணை ஏறிய லூயி பிலிப்புக்கு இது சாதாரணச் சிக்கல் இல்லை. அவருடைய தந்தை அரச குடும்பத்தில் பிறந்தவர், ஆனாலும் பதினாறாம் லூயிக்கு மரண தண்டனை வேண்டும் என்று வாக்களித்தவர். சில மாதங்கள் கழித்து அவரையும் இதே சதுக்கத்தில்தான் கொன்றார்கள். மன்னனுக்குச் சிலை வைத்தால் புரட்சிக்காரர்கள் கொதிப்பார்கள். புரட்சிக்கு வைத்தால் முடியாட்சி ஆதரவாளர்கள் கொதிப்பார்கள். எகிப்தை ஆண்ட முகம்மது அலி பரிசாகக் கொடுத்த கல்தூண் ஒன்று அப்போது கையில் இருந்தது. லக்ஸர் கோவில் வாசலில் இரண்டாம் ராம்சேஸ் நிறுத்திய தூண், வயது 3000 ஆண்டுகளுக்கு மேல், உயரம் சுமார் 23 மீட்டர். 1836 அக்டோபர் 25 அன்று அதைச் சதுக்கத்தின் நடுவில் நிமிர்த்தினார்கள். ராம்சேஸ் நல்லவனா கெட்டவனா என்று எந்தப் பிரெஞ்சுக்காரனும் தடுப்பரண் கட்டிச் சண்டை போடப் போவதில்லை. பீடத்திலும் அரசியல் இல்லை. தூணை எப்படி இறக்கி எப்படி ஏற்றினார்கள் என்று கப்பிகளும் கயிறுகளுமாகப் பொறியியல் வரைபடத்தைச் செதுக்கி வைத்திருக்கிறார்கள்.

நகரத்தைக் கருத்துகள் உருவாக்குகின்றன என்று சொன்னால் நம் மனம் உடனே சிலைகள் பக்கம் போகிறது. பாரிஸை வைத்துப் பார்த்தால் அது பாதி உண்மைதான். தன் கருத்தை உரக்கச் சொன்ன நினைவுச்சின்னங்கள் அங்கே அடிக்கடி விழுந்திருக்கின்றன. எனக்குக் கருத்தே இல்லை என்பதுபோல் நின்றவை தப்பித்திருக்கின்றன. தெருவின் அகலம், வீட்டு எண், சாக்கடை, கட்டடத்தின் உயர வரம்பு எல்லாம் இந்த இரண்டாவது வகை. ஊர் மக்களின் வாழ்க்கையைச் சிலைகளைவிட இவைதான் அதிகம் மாற்றின என்பது என் எண்ணம்.

ஒரு தூணின் கதை

உரக்கப் பேசிய சின்னத்துக்கு என்ன ஆகும் என்பதற்கு வாந்தோம் சதுக்கத்தைவிட நல்ல எடுத்துக்காட்டு கிடைக்காது. அங்கே முதலில் நின்றது பதினான்காம் லூயியின் சிலை, 1792இல் போய்விட்டது. 1805இல் ஆஸ்டர்லிட்ஸ் போரில் வென்ற நெப்போலியன், எதிரிகளிடம் பிடித்த பீரங்கிகளை உருக்கிக் கல்தூண் ஒன்றுக்கு வெண்கலப் போர்வை போர்த்தினார். ரோமில் இருக்கும் டிராஜன் தூண்தான் மாதிரி. 1810இல் வேலை முடிந்தபோது உச்சியில் ரோமானியப் பேரரசர் வேடத்தில் நெப்போலியனே நின்றார்.

நான்கே ஆண்டுகளில் அவர் தோற்றார், சிலை இறங்கியது. அந்த வெண்கலமும் சேர்ந்துதான் 1818இல் போன் நெஃப் பாலத்தில் நான்காம் ஹென்றி மன்னனின் புதிய சிலையானது. அங்கிருந்த பழைய ஹென்றி சிலையைப் புரட்சிக்காரர்கள் ஏற்கெனவே உருக்கியிருந்தார்கள். அரசியல் மாறினாலும் உலோகம் வீணாகவில்லை!

1833இல் லூயி பிலிப் நெப்போலியனைத் திரும்ப ஏற்றினார், ஆனால் பேரரசராக இல்லை. நீளக் கோட்டும் இருமுனைத் தொப்பியும் போட்ட படைத்தலைவராக. பேரரசன் வேண்டாம், வீரன் வேண்டும் என்பது அவருடைய கணக்கு. 1863இல் பேரரசர் மூன்றாம் நெப்போலியன் (பெரிய நெப்போலியனின் தம்பி மகன்) அந்தச் சிலையை இறக்கிவிட்டு மறுபடி ரோமானிய உடுப்பு போட்டவரை ஏற்றினார். ஒரே ஆளின் சட்டையை மாற்றுவதற்குள் எத்தனை அரசியல் பாருங்கள்.

1871இல் பாரிஸைக் கையில் எடுத்த கம்யூன் என்ற புரட்சி அரசு, இந்தத் தூண் போர்வெறியின் சின்னம், தோற்றவர்களுக்கு அவமானம் என்று சொல்லி அதை வீழ்த்தத் தீர்மானம் போட்டது. மே 16 அன்று கூட்டம் பார்த்திருக்கத் தூண் சாய்ந்தது. இரண்டு வாரத்துக்குள் கம்யூனும் ரத்தத்தில் மூழ்கியது. புதிய அரசு, ஓவியர் குஸ்தாவ் குர்பேதான் பொறுப்பு என்று முடிவு செய்தது. தூணை அகற்றலாம் என்று முன்பே யோசனை சொன்னவர் அவர். மறுபடி கட்டும் செலவு மூன்று லட்சத்து இருபத்து மூவாயிரம் பிராங்குக்கும் மேல். அதை 33 ஆண்டுகள் தவணையில் கட்டச் சொன்னார்கள். சுவிட்சர்லாந்துக்குப் போய்விட்ட குர்பே, முதல் தவணைக்கு முன்பே, 1877 டிசம்பர் 31 அன்று இறந்துபோனார். தூண் இன்றும் நிற்கிறது, ரோமானிய நெப்போலியனோடு.

கோவிலா, கல்லறையா?

வாந்தோமில் சிலையை மாற்றினார்கள். பாந்தியோனில் கட்டடத்தை அப்படியே விட்டுவிட்டு அர்த்தத்தை மட்டும் மாற்றினார்கள். 1744இல் கடும் நோயில் கிடந்த பதினைந்தாம் லூயி, பிழைத்தால் பாரிஸின் காவல் தெய்வமான புனித ஜெனவியேவுக்குப் பெரிய தேவாலயம் கட்டுவதாக நேர்ந்துகொண்டார். பிழைத்தார். கட்டடம் முடிய 1790 ஆகிவிட்டது, அதாவது புரட்சி வந்துவிட்டது. 1791இல் அதை நாட்டின் பெரியோர்களுக்கான கல்லறை மண்டபம் ஆக்கினார்கள். பிறகு நெப்போலியன் காலத்தில் தேவாலயம், 1830இல் மண்டபம், மூன்றாம் நெப்போலியன் காலத்தில் தேவாலயம். 1885இல் விக்டர் ஹியூகோ இறந்தபோது அவரை அங்கே அடக்கம் செய்வதற்காகக் குடியரசு அதைக் கடைசியாக மண்டபமாக்கியது. முகப்பில் பெரியோர்களுக்கு நன்றி சொல்லும் வாசகம், கூரைமேல் சிலுவை. இரண்டும் இன்றைக்கும் ஒன்றாக இருக்கின்றன.

உள்ளே போனவர்களும் நிரந்தரம் இல்லை. முதலில் வைத்த புரட்சித் தலைவர் மிராபோ, மன்னரோடு ரகசியத் தொடர்பு வைத்திருந்தது தெரியவந்ததும் 1794இல் வெளியே போனார். அவர் இடத்துக்கு வந்த இன்னொரு புரட்சித் தலைவர் மாரா சில மாதங்கள்தான் தங்கினார். தன் சொந்த சாதனைக்காக அங்கே இடம் பெற்ற முதல் பெண் மேரி கியூரி, ஆண்டு 1995. 'பெரியோர்' பட்டியலில் ஒரு பெண் அப்படி வர இருநூறு ஆண்டுகள் ஆகியிருக்கின்றன.

ஆத்திரத்தில் ஆள் மாறாட்டமும் நடக்கும். நோத்ர தாம் பேராலயத்தின் முகப்பில் வரிசையாக நின்ற 28 மன்னர் சிலைகளைப் பிரெஞ்சு அரசர்கள் என்று நினைத்து 1793இல் தலை வெட்டினார்கள். அவர்கள் பைபிளில் வரும் யூதா மன்னர்கள். அந்தத் தலைகளில் 21 மட்டும் 1977இல் ஒரு கட்டட வேலையில் மண்ணுக்கடியிலிருந்து கிடைத்தன. இப்போது க்ளுனி அருங்காட்சியகத்தில் இருக்கின்றன.

ஓஸ்மானின் கோடுகள்

இனி தெருக்களுக்கு வரலாம். 1853இல் மூன்றாம் நெப்போலியன், ஜார்ஜ் ஓஸ்மானை பாரிஸ் பகுதியின் ஆட்சித் தலைவராக நியமித்தார். 1870 தொடக்கம் வரை அந்தப் பதவியில் இருந்தவர். இன்று நாம் படங்களில் பார்க்கும் பாரிஸ், நேர்க்கோட்டில் ஓடும் புல்வார்கள் என்ற அகலமான பெருந்தெருக்கள், ஒரே உயரத்தில் வெளிர்நிறக் கல் வீடுகள், ஒரே மட்டத்தில் பால்கனிகள், பெருமளவு அவர் காலத்தில் தொடங்கியது.

ஏன் செய்தார்கள் என்று கேட்டால் வழக்கமாக ஒரு பதில் வரும்: கலகக்காரர்கள் தெருவை மறித்துத் தடுப்பரண் போட முடியாதபடி, பீரங்கியும் குதிரைப்படையும் தடையில்லாமல் போகும்படி. இது வெறும் புரளி இல்லை. 1830, 1832, 1848 என்று கலகத்துக்குப் பின் கலகம் நடந்தது கிழக்குப் பகுதியின் குறுகிய சந்துகளில்தான். செபஸ்தோபோல் புல்வார் கலகங்களின் பேட்டையைப் பிளந்துகொண்டு போனது என்பதை ஓஸ்மானே தன் நினைவுக் குறிப்புகளில் பெருமையாக எழுதியிருக்கிறார். கலகக்காரர்களுக்கு அகழிபோல் பயன்பட்ட சேன் மார்த்தன் கால்வாயைத் தாழ்த்தி, மூடி, மேலே சாலை போட்டதும் அவர்தான். இன்றைய குடியரசுச் சதுக்கத்தின் ஓரத்திலேயே ஒரு பெரிய படைமுகாம் எழுந்தது.

ஆனால் அதோடு நிறுத்தினால் கதை தப்பு. 1832இல் வந்த காலரா பாரிஸில் 18,000 பேருக்கு மேல் கொன்றது. 1849இல் மறுபடி வந்தது. வெளிச்சமும் காற்றும் இல்லாத சந்துகள்தான் நோய்க்குக் காரணம் என்று அன்றைய மருத்துவம் நம்பியது. நோய் தண்ணீரில் பரவியது, காற்றில் இல்லை. ஆனாலும் பொறியாளர் பெல்கிராண்ட் தெருக்களுக்கு அடியில் கட்டிய சாக்கடை வலைப்பின்னலும், தொலைவிலிருந்து கொண்டுவந்த ஊற்று நீரும் உண்மையாகவே பயன்பட்டன. தப்பான கோட்பாடு நல்ல சாக்கடையைத் தந்தது என்று சொல்லலாம். இதோடு ரயிலையும் சேர்த்துக்கொள்ளுங்கள். நகரின் ஓரங்களில் புதிதாக முளைத்த ரயில் நிலையங்களிலிருந்து ஆளும் சரக்கும் உள்ளே வர வழி வேண்டும். நெருக்கடியின்றி ஓடும் நகரம், உடம்பில் ரத்தம் ஓடுவதுபோல் எதுவும் தேங்காத நகரம் என்பது அந்தக் காலத்தின் பெரிய கனவு.

இந்தக் கனவுக்கு விலை கொடுத்தவர்கள் வேறு. நோத்ர தாம் நிற்கும் தீவில் நெருக்கமாக இருந்த வீடுகளில் பெரும்பகுதியை இடித்தார்கள். ஏழைகள் ஓரங்களுக்குப் போனார்கள். 1860இல் சுற்றுப்புறக் கிராமங்களைச் சேர்த்து 12 வட்டாரங்களை 20 ஆக்கினார்கள். பணம் பெரும்பாலும் கடன். நகர மன்றத்தின் தலைக்கு மேலே எழுதிய கணக்குகளை 1860களின் கடைசியில் அரசியல்வாதி ஜூல் ஃபெர்ரி கடுமையாகக் கிழித்தார். ஓஸ்மான் பதவி இழந்ததற்கு அந்தக் கடனும் ஒரு காரணம்.

சரி, கலகம் நின்றதா? ஓஸ்மான் போன அடுத்த ஆண்டே கம்யூன். கொன்கோர்டு சதுக்கத்தின் மூலையில் நெப்போலியன் கயார் என்ற செருப்புத் தொழிலாளியின் மேற்பார்வையில் மிகப் பெரிய தடுப்பரண் ஒன்று எழுந்தது. அகலமான தெருவிலும் தடுப்பரண் போட முடியும் என்று காட்டிவிட்டார்கள். அரசுப் படை பக்கத்துத் தெருக்கள் வழியாகச் சுற்றி வந்து அவற்றைப் பிடித்ததும் உண்மை.

எனக்கு மிகவும் பிடித்த பகுதி இதற்கு அப்புறம் வருவது. பேரரசு 1870இல் விழுந்தது. அதை வெறுத்த குடியரசு, பேரரசின் நகரத் திட்டத்தை அப்படியே தொடர்ந்தது. ஒபேரா அவென்யூவை முடித்தது குடியரசு. பேரரசருக்காகத் தனி வண்டிப்பாதையோடு வடிவமைத்த கார்னியே ஒபேரா மாளிகையை 1875இல் திறந்ததும் குடியரசு. பேரரசர் அதற்கு முன்பே இங்கிலாந்தில் இறந்துவிட்டார். ஓஸ்மான் பெயரிலேயே இருக்கும் புல்வார் முழுதாக முடிந்தது 1927இல். தெருவுக்காகக் கடன் வாங்கியாகிவிட்டது, நிலம் எடுத்தாகிவிட்டது, சாக்கடை போட்டாகிவிட்டது. இனி அதை மன்னன் தெரு என்று யாரால் இடிக்க முடியும்? தூணைக் கயிறு கட்டிச் சாய்க்கலாம். புல்வாரைச் சாய்க்கக் கயிறு கிடையாது.

இதைவிட அமைதியான வெற்றி வீட்டு எண்ணுடையது. புரட்சிக் காலத்தில் வரிக்காக வட்டம் வட்டமாக எண்களைப் போட்டு, ஒரே தெருவில் ஒரே எண் பல வீடுகளுக்கு வரும் அளவுக்குக் குழப்பிவைத்திருந்தார்கள். 1805 பிப்ரவரியில் நெப்போலியன் ஆணை வந்தது: ஒரு பக்கம் ஒற்றைப்படை, எதிர்ப்பக்கம் இரட்டைப்படை. சேன் நதிக்கு இணையாக ஓடும் தெருவில் நீரோட்டத்தின் திசையில் எண் ஏறும். நதியை விட்டு விலகிப் போகும் தெருவில் நதியிலிருந்து தொடங்கும். இந்த ஒழுங்குக்குப் பின்னாலும் ஒரு கருத்து இருக்கிறது. எந்த வீட்டையும் யார் வீடு என்று கேட்காமல் அரசு கண்டுபிடிக்க வேண்டும் என்பதுதான் அது. நெப்போலியனின் சிலை ஏறி ஏறி இறங்கியது. அவர் போட்ட எண்முறையைக் கம்யூன்கூடத் தொடவில்லை.

விதிவிலக்கு ஒன்று

உரக்கப் பேசியும் விழாத சின்னம் ஒன்று உண்டு: மோன்மார்த்ர் குன்றின்மேல் வெள்ளையாக நிற்கும் சாக்ரே கேர் தேவாலயம். 1871 மார்ச் 18 அன்று கம்யூன் கிளம்பியதே அந்தக் குன்றில் இருந்த பீரங்கிகளை அரசுப் படை எடுத்துப்போக வந்ததால்தான். கம்யூன் செய்த பாவத்துக்குப் பரிகாரமாகக் கட்டிய கோவில் என்று இடதுசாரிகள் சொல்வார்கள். முழுச் சரி இல்லை. பிரஷ்யாவிடம் தோற்றுக்கொண்டிருந்த நாட்களிலேயே, நாட்டின் பாவங்களுக்குப் பரிகாரமாகக் கோவில் கட்டுவோம் என்ற நேர்த்திக்கடன் எழுந்துவிட்டது. கம்யூன் அதற்குப் பிறகு வந்தது. ஆனால் 1873இல் நாடாளுமன்றம் சட்டம் போட்டு, 1875இல் அடிக்கல் நட்டபோது, அந்த இடத்தில், அந்த நேரத்தில் 'பரிகாரம்' என்றால் யாரைச் சொல்கிறார்கள் என்பதில் யாருக்கும் சந்தேகம் இருந்திருக்காது.

எதிர்த்தரப்பு கோவிலை இடிக்கவில்லை, சுற்றி வளைத்தது. தெய்வ நிந்தனை என்று குற்றம் சாட்டி 1766இல் கொன்ற லா பார் என்ற இளைஞனுக்குக் கோவிலின் முன்பாகச் சிலை வைத்தார்கள். கோவிலை ஒட்டிப் போகும் தெருவுக்கு அவர் பெயரைச் சூட்டினார்கள். ஆகவே கோவிலின் முகவரியிலேயே தெய்வ நிந்தனைக்காகச் செத்தவன் பெயர்! குன்றின் சரிவில் இருக்கும் பூங்காவுக்கு 2004இல் கம்யூன் போராளி லூயிஸ் மிஷேல் பெயரை வைத்தார்கள். 2022இல் கோவிலுக்குப் பாதுகாக்கப்பட்ட நினைவுச்சின்னத் தகுதி கொடுக்க முயன்றபோதும் பாரிஸ் நகர மன்றத்தில் இடதுசாரிகள் சிலர் எதிர்த்தார்கள்.

ஐஃபல் கோபுரத்தை நடுநிலைச் சின்னம் என்று நினைப்போம். 1889இல் புரட்சியின் நூற்றாண்டுக் கண்காட்சிக்காகக் கட்டியது அது. அதனால்தான் ஐரோப்பிய முடியாட்சிகள் பல அதிகாரபூர்வமாக வராமல் ஒதுங்கின. மன்னனோ புனிதரோ இல்லாமல், முதல் தளத்துக்குக் கீழே 72 அறிவியலாளர்கள், பொறியாளர்கள் பெயர்களைப் பொறித்தார் ஐஃபல். அறிவியலின் காலம் என்ற அறிவிப்பு அது. மீள்தன்மைக் கோட்பாட்டுக்கு அடித்தளம் போட்டவர்களில் ஒருவரான சோஃபி ஜெர்மேன் பெயரை அவர் பொறிக்கவில்லை. எந்தப் பெண்ணின் பெயரையும் பொறிக்கவில்லை. 20 ஆண்டு அனுமதி முடியும்போது கோபுரத்தைக் காப்பாற்றியது கம்பியில்லாத் தந்தி.

1941 அக்டோபரில், ஜெர்மனியிடம் தோற்ற பிறகு அதனோடு ஒத்துழைத்த விஷி அரசு, உலோகத் தட்டுப்பாட்டைச் சொல்லி வெண்கலச் சிலைகளை உருக்கச் சட்டம் போட்டது. மன்னர்கள், புனிதர்கள், ஜோன் ஆஃப் ஆர்க் பெரும்பாலும் தப்பினார்கள். வால்டேர், ரூசோ, லா பார், அடிமைத் தாய்க்குப் பிறந்து படைத்தலைவரான தூமா ஆகியோர் சிலைகள் போய்விட்டன. உலோகம்தான் தேவை என்றால் இந்தத் தேர்வு ஏன் என்று கேட்கத் தோன்றும். வானியலாளர் அராகோவின் பீடம் சிலை இல்லாமலே நின்றது. 1994இல் நகரின் குறுக்கே, பாரிஸ் தீர்க்கரேகை வழியே, அவர் பெயர் பொறித்த 135 வெண்கல வில்லைகளைத் தரையில் பதித்து வைத்தார்கள். தூமாவின் சிலை நின்ற இடத்தில் 2009இல் வைத்தது அறுந்த பிரம்மாண்டச் சங்கிலி.

இப்போது சண்டை பெரும்பாலும் பெயர்ப்பலகைகளில்தான். முன்னுதாரணம் பழையது. 1914இல் போர் தொடங்கியதும் ஜெர்மனித் தெருவுக்குக் கொலையுண்ட சோஷலிசத் தலைவர் ஜான் ஜொரேஸின் பெயர் வந்தது. பெர்லின் தெரு லியேஜ் தெரு ஆனது. மெட்ரோ நிலையங்களும் அப்படியே மாறின. ரஷ்யாவே ஸ்டாலின்கிராடின் பெயரை 1961இல் மாற்றிய பிறகும் பாரிஸில் ஸ்டாலின்கிராடு சதுக்கம் இருக்கிறது. 'போர்' என்ற சொல்லை மட்டும் சேர்த்து, ஊருக்கில்லை, போருக்குத்தான் மரியாதை என்று ஆக்கிவிட்டார்கள். 1802இல் குவாதலூப்பில் அடிமைமுறையைத் திரும்பக் கொண்டுவந்த தளபதி ரிஷ்பான்ஸின் பெயரில் இருந்த தெருவுக்கு, இந்த நூற்றாண்டின் தொடக்கத்தில், அதே தீவில் அடிமைத் தாய்க்குப் பிறந்த இசைக்கலைஞர் சேன் ஜார்ஜின் பெயர் வந்தது.

ரொபெஸ்பியருக்கு மட்டும் இன்னும் இடம் இல்லை. இரண்டாம் உலகப்போர் முடிந்ததும், 1946இல், ஒரு சந்தைச் சதுக்கத்துக்கு அவர் பெயரை வைத்துப் பார்த்தார்கள், 1950இல் எடுத்துவிட்டார்கள். அவர் பெயரில் ஒரு மெட்ரோ நிலையம் உண்டு. அது ஒன்பதாம் வழித்தடத்தில், பாரிஸ் எல்லையைத் தாண்டி, மோந்த்ரேய் என்ற பக்கத்து ஊரில் இருக்கிறது.